பத்துக் குருமார்களும் ஒரு நூலும்

சீக்கியர்களின் குரு வரிசையில் பத்துப் பேர் மனிதர்கள்; அவர்களுக்குப் பின் வருவது ஒரு நூல். 1708-இல் கோதாவரிக் கரையிலுள்ள நாந்தேடில் உயிர் பிரியும் தறுவாயில் குரு கோவிந்த் சிங் தமக்குப் பின் வேறொருவரை அமர்த்தாமல், ஆதி கிரந்தத்தையே குருவாக ஏற்கும்படி சொன்னதாகச் சீக்கிய மரபு கூறுகிறது. அவருடைய நான்கு மகன்களும் அதற்கு முன்பே மாண்டிருந்தனர். ஆனால் வாரிசு இல்லாததால் நூல் குருவானது என்று முடித்துவிட முடியாது. முதல் நான்கு குருமார்களில் ஒருவர்கூட முந்தைய குருவின் மகன் அல்லர். குரு நானக் (1469–1539) தம் இரு மகன்களையும் விட்டு, லெஹ்ணா என்ற சீடரைத் தேர்ந்து அங்கத் என்று பெயரிட்டு அமர்த்தினார். தகுந்த சீடர் ஒருவரைத் தேர்ந்திருக்கக் கோவிந்த் சிங்காலும் முடிந்திருக்கும்.

நூலை நோக்கிய நடை நானக்கிடமே தொடங்கிவிட்டது. அவருக்கு மனித குரு கிடையாது. இறைவனின் சொல்லே தம் குரு என்று தம் பாடலிலேயே சொன்னவர் அவர். அந்தப் பாடல்கள் காற்றோடு போய்விடாதபடி காத்ததில் அங்கத்துக்குப் பெரும் பங்கு உண்டு. குர்முகி எழுத்தைச் சீர்படுத்திப் பரப்பியவர் அவரே. ‘குருவின் வாயிலிருந்து வந்தது’ என்பதே அந்த எழுத்தின் பெயருக்குப் பொருள். மூன்றாம் குரு அமர்தாஸ் காலத்தில் கோயிந்வாலில் பாடல் ஏடுகள் தொகுக்கப்பட்டன. நான்காமவரான ராம்தாஸ் அமிர்தசரஸ் நகருக்கு அடிகோலினார்.

ஐந்தாம் குரு அர்ஜன் பொறுப்பேற்றபோது அவருடைய அண்ணன் பிரிதி சந்த் பகைத்துக்கொண்டு தனி அணி கண்டார். நானக் பெயரில் அந்த அணியினர் தாங்களே பாடல் கட்டிப் பரப்பியதால், எது மெய்யான பாடல் என்று வரையறுத்தாக வேண்டிய நெருக்கடி எழுந்தது. அமிர்தசரஸில் ராம்சர் குளக்கரையில் அர்ஜன் சொல்லச் சொல்ல பாய் குர்தாஸ் எழுதினார். 1604-இல் நிறைவெய்திய இந்த ஆதி கிரந்தம் பொற்கோயிலான ஹர்மந்திரில் வைக்கப்பட, பாபா புத்தா அதை ஓதும் முதல் கிரந்தி ஆனார்.

தொகுத்த முறையே தனி அழகு. பாடல்கள் பெரும்பாலும் ராகவாரியாக அடுக்கப்பட்டுள்ளன. நூலில் பாடல்கள் உள்ள குருமார்கள் அனைவரும் ‘நானக்’ என்றே முத்திரை வைத்துப் பாடியதால், யார் பாடியது என்பதை ‘மஹலா’ என்ற சொல்லும் எண்ணும் காட்டுகின்றன: மஹலா 1 என்றால் நானக், மஹலா 5 என்றால் அர்ஜன். குருமார்களை அடுத்துப் பக்தர்களின் பாடல்கள் வரும். நெசவாளர் கபீர், தோல் தொழிலாளியான ரவிதாஸ், மராத்தி நாட்டு நாமதேவர், சூஃபி ஞானி ஷேக் ஃபரீத் என எல்லோருக்கும் இடமுண்டு. ஒரு சமயத்தின் மறைநூல் பிற சமயத்தாரின் பாடலைத் தன் உடலாகவே ஏற்றது உலக வரலாற்றில் அரிது. அந்நாளில் சொற்களுக்கிடையே இடைவெளி விடாமல் வரி முழுவதும் தொடர்ந்தே எழுதினார்கள். எங்கே பிரித்து வாசிப்பது என்பது பயின்றவருக்கே பிடிபடும்.

இரண்டே ஆண்டில், 1606-இல், ஜஹாங்கீர் ஆட்சியில் லாகூரில் அர்ஜன் கொல்லப்பட்டார். ஆறாம் குருவான அவர் மகன் ஹர்கோவிந்த் வாள் ஏந்தினார். ஏழாம் குரு ஹர் ராயின் மூத்த மகன் ராம் ராய், ஒளரங்கசீப் அவையில் நானக் பாடலொன்றில் ‘முசல்மான்’ என்றிருந்ததை ‘பேயீமான்’ (நெறி தவறியவன்) என்று மாற்றிச் சொன்னார். அந்த ஒரு சொல்லுக்காகத் தந்தை அவரை ஒதுக்கிவிட்டு, இளைய மகன் ஹர் கிருஷனை அமர்த்தினார். மகனைவிடச் சொல் பெரிதென்று ஆகிவிட்டதை இதைவிடத் தெளிவாகக் காட்டும் நிகழ்ச்சி குரு வரலாற்றில் இல்லை.

1664-இல் சிறுவன் ஹர் கிருஷன் அம்மை நோயில் மறைந்தபோது, பக்காலா ஊரில் இருபத்திரண்டு பேர் தாமே குரு என்று உட்கார்ந்தார்களாம். ஹர்கோவிந்தின் பேரன் தீர் மல் அவர்களில் ஒருவர். 1604-இல் எழுதிய மூலப்படி அவர் கையில் இருந்தது. மெய்யான குருவாக ஏற்கப்பட்டவரோ நூல் கையில் இல்லாத தேக் பகதூர். 1675-இல் தில்லியில் அவர் தலை வெட்டப்பட்டது. அவருடைய பாடல்களைச் சேர்த்து நூலை இறுதி வடிவாக்கியவர் மகன் கோவிந்த் சிங். தம் பாடல்களை அவர் அதில் சேர்க்கவில்லை.

இன்று அச்சிட்ட படிகளுக்கு 1430 பக்கம். பக்கத்தை ‘அங்’, அதாவது அங்கம், என்றே சொல்வார்கள். பொற்கோயிலில் விடியுமுன் நூலைப் பல்லக்கில் எடுத்துவந்து மேற்கட்டியின் கீழ் அமர்த்தி, கவரி வீசி, ஓதுவார்கள். இரவில் அருகிலுள்ள அகால் தக்துக்குக் கொண்டுபோய்க் கண்வளரச் செய்வார்கள். குழந்தைக்குப் பெயரிட நூலை ஏதோ ஓரிடத்தில் திறந்து, கண்ணில் படும் பாடலின் முதலெழுத்தை எடுத்துக்கொள்வார்கள். 2000-ஆம் ஆண்டில் இந்திய உச்ச நீதிமன்றம் குரு கிரந்த் சாகிப் என்று வழங்கும் இந்நூலைச் சட்டப்படி உரிமையுள்ள ஆளாகவே ஏற்றது. தாள் நைந்து ஓத முடியாமற்போன படிகளைத் தூக்கி எறிவதில்லை. துணி சுற்றி, வேண்டுதலோடு தீக்கு ஒப்புவித்து, சாம்பலை ஓடும் நீரில் கரைக்கிறார்கள்.