கடனும் சிறையும்: உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் கடனாளர் பெற்ற காப்பு

நீதிமன்றம் தீர்ப்பளித்த கடனைச் செலுத்தாதவரைக் கைது செய்து உரிமையியல் சிறையில் வைக்கும் முறை இந்தியச் சட்டத்திலிருந்து முற்றிலும் நீங்கிவிடவில்லை. ஆயினும் சிறைக்கு அனுப்புமுன் எதனை மெய்ப்பிக்க வேண்டும், அதனை யார் மெய்ப்பிக்க வேண்டும் என்பன காலந்தோறும் மாறி வந்துள்ளன. கடனாளர் பெற்ற காப்பின் வரலாறு இம்மாற்றத்திலேயே அடங்கியுள்ளது.

தொடக்கத்தில் கடனைச் செலுத்தாமையே கைதுக்குப் போதுமான காரணமாயிற்று. 1888ஆம் ஆண்டுக் கடனாளர் சட்டம் பணத் தீர்ப்பாணைக்காகப் பெண்களைக் கைது செய்வதைத் தடுத்தது. வறுமையால் செலுத்த இயலாதவரை விடுவிக்கும் உரிமையையும் நீதிமன்றத்திற்கு வழங்கியது. 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டம் இவ்விரண்டையும் ஏற்றுக்கொண்டது. எனினும் தம் வறுமையைக் காட்டும் சுமை கடனாளர்மீதே இருந்தது. உடைமை இல்லாதவர் தம் இல்லாமையைச் சான்றுகொண்டு நிறுவுதல் எளிதன்று.

இந்நிலையை 1936ஆம் ஆண்டுத் திருத்தம் மாற்றியது. அதற்கு முன்னரே, 1931இல் வெளிவந்த தொழிலாளர் அரச ஆணையத்தின் அறிக்கை, குறைந்த ஊதியம் பெறும் தொழிலாளரைக் கடனுக்காகச் சிறையிடலாகாது எனப் பரிந்துரைத்திருந்தது. திருத்தத்தால் 51ஆம் பிரிவில் ஒரு வரம்புரை சேர்ந்தது. கடனாளர் தப்பியோடக்கூடும் என்பதோ, உடைமையை நேர்மையின்றி மறைத்தார் அல்லது மாற்றினார் என்பதோ, வசதியிருந்தும் செலுத்த மறுத்தார் என்பதோ, நம்பிக்கைப் பொறுப்பில் பெற்ற பணத்திற்குக் கணக்குக் காட்டவில்லை என்பதோ நீதிமன்றத்திற்கு மனநிறைவு தரும் வகையில் புலனாக வேண்டும். அதற்கான காரணங்களும் எழுத்தில் பதிவாக வேண்டும். பற்றுகை செய்ய இயலாத உடைமைகளை அவருடைய வசதியில் சேர்த்துக் கணக்கிடலாகாது.

சட்டத்தில் இடம்பெற்ற இக்காப்பு நீதிமன்ற நடைமுறையில் முழுமையாக வேரூன்றவில்லை. 1980இல் கொச்சி வங்கி தொடர்பான வழக்கில் உச்சநீதிமன்றம் இதனை ஆராய்ந்தது. ஒப்பந்தக் கடமையை நிறைவேற்ற இயலாமைக்காக மட்டும் எவரையும் சிறையிடலாகாது எனக் கூறும் பன்னாட்டு உடன்படிக்கையை இந்தியா 1979இல் ஏற்றிருந்தது. அதனையும் அரசமைப்பின் 21ஆம் உறுப்பையும் கருத்திற்கொண்ட நீதியரசர் வி.ஆர். கிருஷ்ணய்யர், வெறும் செலுத்தாமை போதாது, தீய நோக்கம் வெளிப்பட வேண்டும் எனத் தீர்ப்பளித்தார். தீர்ப்பாணைக்குப் பின் ஒருகாலத்தில் வசதி இருந்தது என்பது மட்டுமே இன்றைய சிறைக்குக் காரணமாகாது. வறுமை குற்றமன்று என்னும் அறம் இவ்வாறு சட்ட விளக்கமாக நிலைபெற்றது.

பின்வந்த திருத்தங்கள் தொகையையும் காலத்தையும் வரையறுத்தன. 2002இல் நடைமுறைக்கு வந்த திருத்தத்தின்படி 2,000 ரூபாய் வரையிலான தீர்ப்பாணைக்குச் சிறை இல்லை. அதற்கு மேல் 5,000 ரூபாய் வரை ஆறு வாரத்திற்கும், அதனினும் மிகுமாயின் மூன்று மாதத்திற்கும் மேற்படாத சிறை விதிக்கலாம். சிறையிலிருக்கும் கடனாளரின் பிழைப்புச் செலவைத் தீர்ப்பாணை பெற்றவரே செலுத்த வேண்டும். விடுதலையால் கடன் தீர்ந்துவிடாது. ஆனால் அதே தீர்ப்பாணைக்காக மீண்டும் கைது செய்ய இயலாது.

ஆக, சிறை என்பது கடனுக்கு மாற்றான தண்டனை அன்று. கொடுக்க வல்லவரின் மறுப்பை நீக்கும் கருவியே ஆகும். வல்லமையும் மறுப்பும் மெய்ப்பிக்கப்படாத இடத்தில் அக்கருவிக்குப் பயனும் இல்லை, நியாயமும் இல்லை. 1936இல் எழுதப்பட்ட இவ்வேறுபாட்டின் முழுப்பொருள் தெளிவுற 44 ஆண்டுகள் ஆயின. சட்டத்தில் ஒரு காப்பு எழுதப்படுவதும் அக்காப்பு எளியவரைச் சென்றடைவதும் வெவ்வேறு நிகழ்வுகள் என்பதை இவ்வரலாறு உணர்த்துகிறது.