சரக்கறையில் இடமில்லை

ஒவ்வோராண்டும் ஏப்ரல் 14 அன்று இந்தியா முழுக்கத் தீயணைப்பு நிலையங்களில் அஞ்சலி செலுத்துகிறார்கள். தொடர்ந்து ஒரு வாரம் துண்டறிக்கை, பள்ளிக்கூடங்களில் செயல்விளக்கம். பெரும்பாலான ஆண்டுகளில் அன்றுதான் சித்திரைப் பிறப்பு. அம்பேத்கர் பிறந்த நாளும் அதுவே. இந்த நெரிசலில் எந்தத் தீ, எந்தக் கப்பல் என்று யாரும் கேட்பதில்லை. கேட்டால் ஒரு வரியில் பதில் கிடைக்கும்: 1944இல் பம்பாய்த் துறைமுகத்தில் வெடிமருந்துக் கப்பல் ஒன்று வெடித்தது, 66 தீயணைப்பு வீரர்கள் மாண்டனர். இந்த வரியில் பொய் இல்லை. ஆனால் ‘விபத்து’ என்ற சொல்லுக்குள் அது எதையெல்லாம் போட்டு மூடுகிறது என்பதுதான் நம் கேள்வி.

கப்பலின் பெயர் ஃபோர்ட் ஸ்டிக்கீன். கனடாவின் மேற்குக் கரையில் பிரின்ஸ் ரூபர்ட் என்ற ஊரில் 1942இல் கட்டியது. ஜெர்மன் நீர்மூழ்கிகள் மூழ்கடிக்கும் வேகத்தைவிட வேகமாகக் கப்பல் கட்டியாக வேண்டும் என்ற கணக்கில் பிறந்த வகை அது. வரைபடம் இங்கிலாந்தின் சண்டர்லண்டில் போட்டது. அதையே மாற்றி அமெரிக்கா 2,710 ‘லிபர்ட்டி’ கப்பல்களைக் கட்டித் தள்ளியது. கனடா ‘ஃபோர்ட்’, ‘பார்க்’ வரிசைகளைக் கட்டியது. நவீன எஞ்சின்கள் போர்க்கப்பல்களுக்குப் போய்விட்டன. இவற்றுக்குக் கிடைத்தது பழங்காலத்து நீராவி எஞ்சின், மணிக்கு 11 கடல்மைல் வேகம். ஃபோர்ட் ஸ்டிக்கீனில் கொதிகலனுக்குக் கரி அள்ளிப்போட ஆள் வேண்டும். அழகோ நீண்ட ஆயுளோ பொருட்டில்லை. வேண்டியது ஒன்றே ஒன்று: பத்தாயிரம் டன் அளவுக்குச் சரக்கு ஏற்ற இடம்.

சொல்லப்போனால் இது கப்பலே இல்லை, இரும்புச் சுவர் எழுப்பிய இடம். அந்த இடத்தில் எது ஏறும், எது கரையில் நிற்கும் என்பதை மாலுமி தீர்மானிப்பதில்லை. அதைத் தீர்மானிப்பது அதிகாரம். போர்க்காலச் சரக்குக் கப்பலின் வரலாற்றை இந்த இடத்திலிருந்துதான் எழுத வேண்டும்.

பெயரிலேயே ஒரு சேதி இருக்கிறது. அலாஸ்காக் கரையில் ரஷ்யக் கம்பெனி கட்டி, 1839இல் ஹட்சன் பே கம்பெனி குத்தகைக்கு எடுத்த வணிகக் கோட்டையின் பெயர் அது. தரங்கம்பாடிக்காரர்களுக்கு இந்தக் கதையில் புதுமை ஒன்றும் இராது. 1620இல் டேனியர் எழுப்பிய டான்ஸ்போர்க் கோட்டை, 1845இல் செராம்பூரோடு சேர்த்து 12½ லட்சம் ரூபாய்க்கு ஆங்கிலக் கம்பெனியிடம் கைமாறியது. கோட்டையை விற்கலாம், குத்தகைக்கு விடலாம். அதன் நிழலில் வாழ்பவனைக் கேட்க வேண்டியதில்லை. கப்பலும் அப்படித்தான்: கட்டியது கனடா, வாங்கியது அமெரிக்க அரசு, குத்தகைக்கு எடுத்தது பிரிட்டன், நடத்தியது போர்ட் லைன் என்ற கம்பெனி. இத்தனை கைகளில் பொறுப்பு யார் கையில்?

இந்தக் கப்பல் ஓடிய காலம் வங்கப் பஞ்சத்தின் காலம். போருக்கு முன் பர்மா அரிசி மலிவாக வந்து இறங்கியபோது, நெல் விலை சரிகிறதென்று தஞ்சாவூர் மிராசுதார்கள் முறையிட்டார்கள். 1942 மார்ச்சில் ரங்கூன் ஜப்பானியர் கைக்குப் போனதும் அந்த அரிசியே நின்றது. 1943இல் வங்காளத்தில் 20 லட்சத்திலிருந்து 30 லட்சம் பேர்வரை செத்தார்கள். பர்மா இழப்பு மட்டுமே காரணமில்லை. பதுக்கல், விலையேற்றம், கிராமங்களிலிருந்து படகுகளைப் பறித்த இராணுவ உத்தரவு எல்லாம் சேர்ந்தன. வெளியிலிருந்து தானியம் அனுப்புங்கள் என்று டெல்லி கேட்டபோதெல்லாம் லண்டன் சொன்ன பதில்: கப்பலில்லை. இந்தப் பதிலை மனதில் வைத்துக்கொண்டு ஃபோர்ட் ஸ்டிக்கீனின் கடைசிப் பயணத்தைப் பார்ப்போம்.

1944 பிப்ரவரி 24 அன்று இங்கிலாந்தின் பர்க்கன்ஹெட்டிலிருந்து கிளம்பியது. உள்ளே 1,395 டன் வெடிமருந்து, ஸ்பிட்ஃபயர் விமானங்கள், 31 பெட்டித் தங்கம். கராச்சியில் விமானங்களை இறக்கியதும் கொஞ்சம் இடம் காலியானது. காலியான இடத்தைச் சும்மா விடுவார்களா? சிந்து, பஞ்சாப் பகுதிகளிலிருந்து பம்பாய்க்கு ரயிலில் பஞ்சு அனுப்ப அப்போது தடை இருந்தது. ஆகவே ஆயிரக்கணக்கான பஞ்சுப் பொதிகள், எண்ணெய்ப் பீப்பாய்கள், மரம், பழைய இரும்பு எல்லாம் ஏறின. இந்தக் கலவை ஆகாது என்று கப்பல் தலைவர் நெய்ஸ்மித் ஆட்சேபம் பதிவு செய்தார். கேட்பாரில்லை. வெடிமருந்துக்கு அடியில் பஞ்சு! அடுப்பங்கரையில் இருக்கிற எந்தப் பெண்ணும் செய்யத் துணியாத காரியம். அறியாமை என்று இதைத் தள்ளிவிட முடியாது. ஒரு சாண் இடமும் வீணாகக் கூடாது என்ற போர்க்காலக் கணக்கு, கணக்குப்படியே வேலை செய்தது, அவ்வளவுதான்.

ஏப்ரல் 12 அன்று பம்பாய் விக்டோரியா டாக்கில் கட்டினார்கள். அபாயச் சரக்குக்கு அடையாளமான சிவப்புக் கொடி ஏற்றவில்லை. வெடிமருந்தை இறக்கும் வேலையும் இழுத்துக்கொண்டே போனது. 14ஆம் தேதி பிற்பகல் 2 மணிவாக்கில் இரண்டாம் எண் சரக்கறையில் புகை. தண்ணீரை இறைத்துக் கொட்டினார்கள்; தீ எங்கே பிடித்தது என்றே தெரியவில்லை. 3.50க்குக் கப்பலை விட்டு வெளியேற உத்தரவு. 4.06க்கு வெடித்துக் கப்பல் இரண்டாய்ப் பிளந்தது. அரைமணி சொச்சம் கழித்து இன்னொரு வெடிப்பு. சிம்லாவில் இருந்த நிலநடுக்கக் கருவியில் அதிர்ச்சி பதிவானது. கட்டி ஏறத்தாழ இரண்டே ஆண்டான கப்பல், பக்கத்தில் நின்ற பத்துக்கும் மேற்பட்ட கப்பல்களையும் சேர்த்து அழித்தது.

அவற்றில் ஒன்று சிந்தியா கம்பெனியின் ‘ஜலபத்மா’. வ.உ.சி. 1906இல் தூத்துக்குடியில் தொடங்கி, சிறைக்குப் போய்த் தோற்ற சுதேசிக் கப்பல் முயற்சிக்குப் பின், 1919இல் எழுந்து நிலைத்த இந்தியக் கம்பெனி அது. கடலில் நமக்கும் கொஞ்சம் இடம் வேண்டும் என்று போராடிப் பெற்ற கப்பல், அந்நியன் போருக்கு வந்த சரக்கால் போனது. அதே ஏப்ரல் 14 அன்றுதான் மணிப்பூரின் மொய்ராங்கில் இந்திய தேசிய இராணுவம் கொடியேற்றியது. அந்த இராணுவத்தில் சேர்ந்தவர்களில் மலேயாத் தோட்டத் தமிழர் பலர். நாகப்பட்டினத்தில் கப்பலேறிப் போன குடும்பங்களின் பிள்ளைகள்.

வெடித்த மறுநாளே, ஜப்பானியர் வசமிருந்த சைகோன் வானொலி விவரமாகச் சொல்லிவிட்டது. செய்தியாளர்கள் தகவல் அனுப்ப இந்திய அரசு அனுமதித்ததோ மே இரண்டாம் வாரத்தில். துறைமுகக் கிடங்குகளில் எரிந்த தானியம் 36,000 டன் என்கிறது ஒரு கணக்கு, 50,000க்கு மேல் என்கிறது இன்னொன்று. ஏப்ரல் 29 அன்று சர்ச்சில் ரூஸ்வெல்ட்டுக்கு அனுப்பிய தந்தியில் இந்த இழப்பையும் குறிப்பிட்டு, ஆஸ்திரேலியக் கோதுமையை இந்தியாவுக்குக் கொண்டுவரக் கப்பல் கேட்டார். ஜூன் தொடக்கத்தில் பதில் வந்தது: இராணுவத் தேவையிலிருந்து கப்பலைத் திருப்ப முடியாது. லண்டன் டெல்லிக்குச் சொன்ன சொல்லையே வாஷிங்டன் லண்டனுக்குச் சொன்னது. பசித்தவன் இரு தடவையும் வரிசையின் கடைசியில்தான்.

செத்தவர் எத்தனை பேர்? 800 என்றும் சொல்வார்கள், 1,300 என்றும் சொல்வார்கள். தங்கப் பெட்டி 31 என்று துல்லியமாகத் தெரிகிறது. கூரையைப் பொத்துக்கொண்டு விழுந்த கட்டியின் கதையை இன்றும் ருசித்துச் சொல்கிறார்கள். 2011இல்கூடத் தூர்வாரும்போது தங்கம் கிடைத்தது. ஆனால் மாண்ட பொதுமக்களை 500 பேர் முன்பின்னாகத்தான் வரலாறு எண்ணி வைத்திருக்கிறது. இடிபாட்டை அகற்ற 8,000 பேர் ஏழு மாதம் உழைத்தார்கள்; அவர்களும் வெறும் எண்ணாகவே நிற்கிறார்கள். ஆவணம் எதை எண்ணுகிறது, எதைக் குத்துமதிப்பாக விடுகிறது என்பதிலேயே அதன் வர்க்கம் தெரிந்துவிடுகிறது.

‘கப்பலில்லை’ என்பது அன்றைய நிலைமையின் உண்மை, நீர்மூழ்கிகள் அப்படி மூழ்கடித்தன என்று வாதிடலாம். அதில் பாதி நியாயம் உண்டு. மீதியை 1951இல் பார்த்தோம். அமெரிக்கத் துறைகளில் போர்க்காலக் கப்பல்கள் வேலையின்றித் துருப்பிடித்து நின்றன. இந்தியாவில் மறுபடி உணவுப் பற்றாக்குறை. இடத்துக்குப் பஞ்சமில்லை, ஆனாலும் அமெரிக்க நாடாளுமன்றம் மாதக்கணக்கில் விவாதித்தது. நேருவின் வெளிநாட்டுக் கொள்கை சரியா, பதிலுக்குத் திருவிதாங்கூர் மோனசைட் மணல் கிடைக்குமா என்றெல்லாம் பேரம் நடந்தது. ஜூனில் 19 கோடி டாலர் கடனாகச் சட்டம் நிறைவேறிய பிறகு, அதே பழைய கப்பல்களைத் தட்டிக்கொட்டி எடுத்துக் கோதுமையை ஏற்றினார்கள். மனம் வந்ததும் இடமும் வந்தது. ஃபோர்ட் ஸ்டிக்கீன் தப்பிப் பிழைத்திருந்தால், அதன் சரக்கறையிலும் அந்தக் கோதுமை ஏறியிருக்கக்கூடும்.