உப்பளத்துப் பிள்ளையும் சட்டமும்

கூனிமேட்டில் உப்பளக் கூலியாக இருக்கும் ஒருத்தியின் பதினைந்து வயது மகன் ஒரு சைக்கிளைத் திருடி அகப்பட்டுக்கொண்டான் என்று வைத்துக்கொள்ளுங்கள். அவனை என்ன செய்வது? இதற்குச் சர்க்கார் சொன்ன பதில் காலத்துக்குக் காலம் மாறி வந்திருக்கிறது.

ஆதியில் பதில் சிறைச்சாலைதான். கைதேர்ந்த திருடர்களுடன் அடைபட்ட சிறுவன் அவர்களிடம் பாடம் கேட்டுத் திரும்பினான். 1876-ல் சீர்திருத்தப் பள்ளிச் சட்டம் வந்தது. 1887-ல் செங்கற்பட்டில் அத்தகைய பள்ளி ஒன்று ஏற்பட்டது. 1899-ல் அமெரிக்காவின் சிகாகோ நகரில் சிறுவர்களுக்கென்றே தனிக் கோர்ட்டு ஏற்பட்டது. இந்தியாவில் குழந்தைகளுக்கென்று முதலில் சட்டம் செய்த மாகாணம் நம் சென்னைதான், வருஷம் 1920. வங்காளமும் பம்பாயும் பிறகுதான் வந்தன.

இன்று நடப்பது 2015-ஆம் வருஷத்துச் சட்டம். பையனுக்கு விலங்கு கிடையாது, லாக்கப் கிடையாது. பிடித்த 24 மணி நேரத்துக்குள் மாவட்ட இளஞ்சிறார் நீதிக் குழுமத்தின் முன் அவனைக் கொண்டுவர வேண்டும். அங்கே ஒரு மாஜிஸ்திரேட்டும் இரண்டு சமூக சேவகர்களும் இருப்பார்கள். சேவகர்களில் ஒருவராவது பெண். நன்னடத்தை அலுவலர் குடும்ப நிலையை விசாரித்து எழுதுகிறார்: தகப்பன் எங்கே? பள்ளியை ஏன் விட்டான்? என்ன செய்தான் என்பதோடு ஏன் செய்தான் என்றும் சட்டம் கேட்கக் கற்றுக்கொண்டது. புத்தி சொல்லித் தாயோடு அனுப்பலாம். மிஞ்சினால் சிறப்பு இல்லத்தில் மூன்று வருஷம் வரை வைக்கலாம்.

குழுமத்துக்குப் போகும் நாளெல்லாம் தாய்க்குக் கூலி போகிறது. அதையும் அவள் பொறுத்துக்கொள்வாள். பையனின் பெயரைப் பத்திரிகையில் போடக் கூடாது என்று சட்டம் கட்டளையிடுகிறது. ஊர் வாய்க்கு மட்டும் அதனால் கட்டளையிட முடியவில்லை. அவனைத் திருடன் என்று கூப்பிடாமல் இருப்பது நம்முடைய பொறுப்பு.