கே.பி.எஸ்: வெள்ளைப் புடவையும் வெண்கலக் குரலும்

1/ நேத்து ஓ.பி.யில ஒரு டீச்சர். ஒரு வாரமா தொண்டை கட்டு. "அஞ்சு பீரியடு கத்தினா குரலே போயிடுது டாக்டர்"னாங்க. எனக்கு உடனே கே.பி.சுந்தராம்பாள் ஞாபகம் வந்துச்சு. மைக் இல்லாம விடிய விடிய பாடின தலைமுறை அது.

2/ 1908ல கொடுமுடியில் பிறந்தவர். இனிஷியலில் ஊர் பேரும் அம்மா பாலாம்பாள் பேரும். வறுமை. ரயிலில் பாடிக் காசு வாங்கிய சிறுமின்னு சொல்வாங்க. நாடகத்துல சிறுவன் வேஷத்தில் தொடங்கி கதாநாயகி ஆனார்.

3/ கடைசி வரிசைக்கும் பாட்டு கேக்கணும். கத்துறது வேற, குரலை ஒலிக்க வைக்கிறது வேற. நம்ம காது 2000-5000 ஹெர்ட்ஸில்தான் ரொம்பக் கூர்மை. பழகிய பாடகர் தொண்டையையும் வாயையும் அமைச்சு, ஒலியின் வலுவை அந்தப் பக்கம் கூட்டுவார். குரல்நாணுக்குப் பாரம் குறைவு, ஒலிக்கு தூரம் அதிகம்.

4/ இலங்கை நாடக மேடையில் எஸ்.ஜி.கிட்டப்பாவோடு ஜோடி சேர்ந்தார். அவருக்கு ஏற்கெனவே கல்யாணம் ஆகியிருந்தது. ஆனாலும் காதல், திருமணம், பிறகு மனக்கசப்பு, பிரிவு. 1933 டிசம்பரில் கிட்டப்பா இறந்தார். வயசு 27. இவருக்கு 25.

5/ அன்னிக்கு வெள்ளைப் புடவை கட்டினவர் கடைசி வரை மாத்தல. இனி எந்த ஆணுக்கும் ஜோடியா நடிக்கிறதில்லைன்னு சபதம். ஒரு கதாநாயகியோட தொழில் அங்கேயே முடிஞ்சிருக்கணும்.

6/ முடியல. 1935ல 'பக்த நந்தனார்' படத்தில் நந்தனாராகவே, ஆண் வேஷத்தில் நடிச்சார். சம்பளம் 1 லட்சம் ரூபாய்! அந்தக் காலத்துல நினைச்சுப் பார்க்க முடியாத தொகை.

7/ அடுத்து வந்த வேஷங்களைப் பாருங்க. 'மணிமேகலை'யில் துறவி. 1953ல 'ஔவையார்'. 1964ல 'பூம்புகார்' கவுந்தியடிகள். 1965ல 'திருவிளையாடல்' படத்தில் மறுபடி ஔவை. ஜோடியே தேவைப்படாத பெண்கள்!

8/ வயசானா குரல்நாண் தசை மெலியும், குரல் தளரும். இவர் சுமார் 60 வயசுல பாடிய 'துணைவன்' படத்துக்குச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது. 1970ல பத்மஸ்ரீ. 1980ல மறைந்தார்.

9/ கணவனை இழந்த பெண்ணை மூலையில் உக்கார வெச்ச காலம் அது. அதே வெள்ளைப் புடவையோட மேடை நடுவுல நின்னு, எந்த வேஷம்னு தானே முடிவு பண்ணினார். சபதத்தைத் தியாகம்னு மட்டும் சொல்றோம். எனக்கு அதுல பிடிவாதமும் தெரியுது.

10/ டீச்சருக்குச் சொன்னது: குரலுக்கு ஓய்வு, நிறைய தண்ணி, வகுப்புக்கு ஒரு சின்ன மைக். குரல் கம்மல் மூணு வாரம் தாண்டினா காது மூக்கு தொண்டை மருத்துவரைப் பாருங்க. எல்லாரும் கே.பி.எஸ். இல்லீங்க 🙏