ஒரே உயில், இரண்டு மேல்முறையீடுகள்: வழக்கு மாற்ற அதிகாரம் குறித்து

பிளவக்கல் பெரியாறு, கோவிலாறு அணைகளின் பாசனத்தில் ஒரு தென்னந்தோப்பு இருப்பதாக எடுத்துக்காட்டுக்கு வைத்துக்கொள்வோம். தந்தையின் உயில்படி தோப்பு தனக்கே என்கிறார் அண்ணன். இராஜபாளையத்தில் வாழ்க்கைப்பட்ட தங்கையோ உயிலே பொய் என்கிறார். அண்ணன் மாவட்ட உரிமையியல் நீதிமன்றத்தில் தடையாணை வழக்கும், தங்கை சார்பு நீதிமன்றத்தில் பாகப்பிரிவினை வழக்கும் தொடுக்கின்றனர். முன்னது உயிலை நம்புகிறது, பின்னது மறுக்கிறது. தோற்றவர்கள் மேல்முறையீடு செய்கின்றனர்.

சிக்கல் இங்கேதான் தொடங்குகிறது. தங்கையின் மேல்முறையீடு சார்பு நீதிமன்றத்துக்குப் போகிறது. உயிலை நம்ப மறுத்ததும் அதே நீதிமன்றம்தான். அண்ணனுடையது திருவில்லிபுத்தூரில் உள்ள மாவட்ட நீதிமன்றத்துக்குப் போகிறது. மூல உயில் ஒன்றுதான். ஒரு வழக்குக் கட்டில் அது சான்றாவணமாகக் கிடக்க, மற்றதில் சான்றிட்ட நகல் மட்டுமே இருக்கும். கையொப்பத்தை ஒரு நீதிபதி மூலத்தில் பார்ப்பார். இன்னொருவர் நகலில் பார்ப்பார்.

இதற்கு வழி 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 24ஆம் பிரிவில் உள்ளது. கீழமை நீதிமன்றத்தில் நிலுவையிலுள்ள மேல்முறையீட்டை மாவட்ட நீதிமன்றமோ உயர் நீதிமன்றமோ தன் கோப்புக்கு எடுத்துக்கொள்ளலாம். தரப்பினர் மனுச் செய்தால் எதிர்த்தரப்புக்கு அறிவிப்புத் தர வேண்டும். தானாக முன்வந்தால் அதுவும் தேவையில்லை.

இந்த அதிகாரத்தை வசதிக்கான ஏற்பாடாக மட்டும் காண்பது போதாது என்பதே என் வாதம். 11ஆம் பிரிவின் முன்தீர்ப்புத் தடைக்கு, எது முதலில் தொடுக்கப்பட்டது என்பது பொருட்டல்ல. எது முதலில் முடிந்தது என்பதே பொருட்டு. உரிமைப் பிரச்சினை நேரடியாக முடிவான இடத்தில், முந்திக்கொண்ட தீர்ப்பு மற்றதன் கையைக் கட்டிவிடலாம். சிவதான் சிங் வழக்கில் (1966) உச்ச நீதிமன்றம் இதன் கடுமையைக் காட்டியது: நான்கு மேல்முறையீடுகளில் இரண்டு, தகுதி ஆராயப்படாமலே காலதாமதத்தாலும் ஆவணங்களை அச்சிட நடவடிக்கை எடுக்காததாலும் தள்ளுபடியாயின. அதனால் எஞ்சியவையும் தடைபட்டன. ஆக, விசாரணை நாள் எந்த நீதிமன்றத்தில் முந்தியது என்ற தற்செயலே தோப்பின் உரிமையை முடிவு செய்துவிடக்கூடும்.

மாற்றம் இழுத்தடிக்கும் கருவியாகும் என்பார்கள். அந்த அச்சம் நியாயமானதே. ஆனால் மேல்முறையீடு பதிவான உடனேயே கேட்டால் இழுத்தடிக்க இடமிராது. இன்னொரு மறுப்பு இதைவிட வலுவானது. பாகப்பிரிவினையின் மதிப்பு மிகுந்து முதல் மேல்முறையீடு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போயிருந்தால், மற்றதையும் அங்கே எடுப்பது தங்கையின் ஒரு படியைப் பறிக்கும். 100ஆம் பிரிவின் இரண்டாம் மேல்முறையீடு அவருக்கு இராது. தனி நீதிபதியின் தீர்ப்புக்கு மேல் உள் மேல்முறையீட்டை 100அ பிரிவும் அடைத்துவிட்டது. அதனால் மாவட்ட நீதிமன்ற அளவில் இணைக்க முடிந்தவற்றை அங்கேயே இணைப்பதே முறை. மேலே எடுக்கும்போது இந்த இழப்பை எடைபோட்டு, காரணத்தை ஆணையில் எழுத வேண்டும்.

இணைத்துக் கேட்டாலும் தீர்ப்பாணைகள் இரண்டாகவே நிற்கும். ஒவ்வொன்றையும் எதிர்க்கத் தனி மேல்முறையீடு வேண்டும் என்பதைக் கட்சிக்காரருக்குச் சொல்லிவைப்பது வழக்கறிஞரின் கடமை. நீதிமன்றத்தின் தரப்பில் தேவைப்படுவது சிறிய மாற்றம்தான். மேல்முறையீட்டுக் குறிப்பில், இதே சொத்து பற்றி வேறெங்கும் மேல்முறையீடு உண்டா என்ற கேள்விக்கு ஒரு வரி ஒதுக்கினால் போதும். தானாக முன்வரும் அதிகாரம் சட்டத்தில் இருந்தும், இன்னொரு கட்டு இருப்பதே தெரியாத நீதிபதியால் அதைப் பயன்படுத்த முடியாது.