ராக்கெட்டை எதிர்ப்பதா, அதில் இடம் கேட்பதா?

1969 சூலை 15. மறுநாள் காலை அப்பல்லோ 11 நிலவுக்குக் கிளம்ப வேண்டும். அமெரிக்காவின் புளோரிடா ஏவுதள வாசலுக்கு, கோவேறு கழுதைகள் பூட்டிய இரண்டு வண்டிகளோடு ஏழைக் கறுப்பினக் குடும்பங்கள் வந்து நின்றன. தலைமை தாங்கியவர் ரால்ஃப் அபெர்நாதி. மார்ட்டின் லூதர் கிங் கொல்லப்பட்டபின் அவரது இயக்கத்தை நடத்தியவர்.

பசித்த பிள்ளைகள் உள்ள நாட்டில் நிலவுக்கு இவ்வளவு செலவா என்று அவர் கேட்டார். ஆனால் ராக்கெட்டை நிறுத்தச் சொல்லவில்லை. விண்வெளி வீரர்களுக்காகப் பிரார்த்திப்போம் என்றார். தன்னோடு வந்த குடும்பங்கள் ஏவுதலைப் பார்க்க இடமும் கேட்டு வாங்கினார்.

தோழர்களே, "சந்திரயான் நிலவில் இறங்கிவிட்டது, மலக்குழி மரணம் நிற்கவில்லையே" என்று நாம் கேட்கிறோம். அது நியாயமான கேள்வி. அதோடு நிறுத்திக்கொண்டால் வானத்தை அவர்களுக்கே எழுதிக் கொடுத்தவர்களாவோம்.

எட் டுவைட் என்ற கறுப்பின விமானி 1961இல் விண்வெளிப் பயிற்சிக்குத் தேர்வானார். நாசா அவரை எடுக்கவில்லை. அமெரிக்கக் கறுப்பினத்தவர் ஒருவர், கையன் புளூஃபோர்டு, விண்வெளிக்குப் போக 1983 ஆனது. டுவைட் போனது 2024இல், தன் 90ஆம் வயதில்.

நம் கதைக்கு வருவோம். 1963 நவம்பர் 21 அன்று இந்திய மண்ணிலிருந்து முதல் ராக்கெட் எழுந்தது தும்பாவில். தேவாலயத்தையும் வீடுகளையும் விட்டுக்கொடுத்தவர்கள் அங்கிருந்த மீனவர்கள். முதல் செயற்கைக்கோள் ஆரியபட்டா உருவானது பெங்களூரு பீன்யாவின் தொழிற்பேட்டைக் கொட்டகைகளில். நம் மத்தூர்ப் பகுதியிலிருந்து கட்டட வேலைக்குப் பஸ் ஏறுகிறோமே, அதே பெங்களூரு. 1975 ஏப்ரல் 19இல் அது விண்ணுக்குப் போனது.

அதே 1975 சூனில் ஒன்றிய அரசு ஓர் ஆணை போட்டது. குரூப் ஏ பணியின் அடிப்படிக்கு மேலுள்ள, ஆராய்ச்சி செய்யும், அதை வழிநடத்தும் அறிவியல், தொழில்நுட்பப் பதவிகளுக்கு எஸ்.சி., எஸ்.டி. இடஒதுக்கீட்டிலிருந்து விலக்கு அளிக்கலாம் என்றது. செயற்கைக்கோள் மேலே போன ஆண்டிலேயே, நாம் மேலே ஏறும் படியை எடுத்துவிட வழி செய்யப்பட்டது.

நிலம் கொடுக்க, கொட்டகை கட்ட, சாக்கடை அள்ள நம்மைப் போன்றவர்கள் வேண்டும். எதை ஆராய்வது, யாரை அனுப்புவது என்று முடிவெடுக்கும் மேசையில் மட்டும் நாம் கூடாதா?

படிக்கிற தம்பி தங்கைகளுக்கு ஒரு வேலை. தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போட 10 ரூபாய்தான் கட்டணம். விண்வெளித் துறையில் ஒவ்வொரு படிநிலையிலும் எஸ்.சி., எஸ்.டி. எத்தனை பேர் என்று கேளுங்கள். இயற்பியலையும் விடாமல் படியுங்கள். இரண்டும் போராட்டம்தான்.