கடலைக் கடலோடு இணைத்த பாதை

"நமக்கு இரயிலைக் கொடுத்தது யார்?" என்று வகுப்பில் கேட்டேன். "வெள்ளைக்காரர்!" என்றான் ஒரு மாணவன், சற்றும் தயங்காமல்.

பிழை அவனுடையதன்று. தலைமுறை தலைமுறையாக நம் காதில் ஓதப்பட்டு வரும் பாடம் அது. "வெள்ளையன் வந்தான், வண்டி தந்தான், சிதறிக் கிடந்த மக்களைச் சேர்த்து ஒரு நாடாக ஆக்கினான்" என்று பேசுவோர் இன்றும் உண்டு. கொடை என்றால் கொடுப்பவன் கையிலிருந்து பொருள் போக வேண்டும். நம் மண்ணில் போடப்பட்ட தண்டவாளத்துக்கு யார் கையிலிருந்து பொருள் போயிற்று? இந்தக் கேள்விக்கு வரலாறு தரும் விடையைக் கேளுங்கள், தோழர்களே!

1869 மே 10. அமெரிக்காவில் யூட்டா மாநிலத்தின் பிராமண்டரி என்னுமிடத்தில், கிழக்கிலிருந்து வந்த பாதையும் மேற்கிலிருந்து வந்த பாதையும் சந்தித்தன. தங்க ஆணி வைத்து விழாக் கொண்டாடினர். கண்டம் கடந்த பாதை அமெரிக்க நாட்டை ஒன்றாக்கிற்று என்று புகழ்ந்தனர். ஆனால் சியரா மலையைக் குடைந்தவர்கள் பல்லாயிரம் சீனத் தொழிலாளர்கள். பதின்மூன்றே ஆண்டுகளில், 1882-இல், சீனத் தொழிலாளர் உள்ளே வரக்கூடாதென்று அதே நாடு சட்டம் செய்தது. பாதையை ஆக்கிய கைகளுக்குப் பாதை ஆக்கிய நாட்டில் இடமில்லை!

அந்தத் தங்க ஆணிக்கு ஏழாண்டுகள் முன்னரே, கடலிலிருந்து கடலுக்கு ஓடிய இருப்புப்பாதை ஒன்று நம்மிடம் இருந்தது. கிழக்கே வங்கக் கடலோரம் இராயபுரம். மேற்கே அரபிக் கடலோரம் பேப்பூர். 1853-இல் வேலை தொடங்கிற்று. 1856 சூன் 28 அன்று ஆளுநர் ஹாரிஸ் பிரபு இராயபுரம் நிலையத்தைத் திறந்து வைத்தார். தென்னகத்தின் முதல் பயணிகள் வண்டி, ஏறத்தாழ நூறு கிலோமீட்டர் தொலைவிலுள்ள வாலாசா சாலை வரை ஓடிற்று. திருவள்ளூரும் அரக்கோணமும் அந்த முதற் பாதையிலேயே அமைந்த ஊர்கள். பாதை மேலும் மேற்கே நீண்டு, சோலையார்பேட்டை, சேலம், ஈரோடு, போத்தனூர் எனக் கடந்து, பாலக்காட்டுக் கணவாய் வழியே இறங்கி, 1862-இல் மேலைக் கடலைத் தொட்டது. அரக்கோணத்தில் பிரிந்த மற்றொரு கிளை நகரி, ரேணிகுண்டா, கடப்பை வழியே வடமேற்காகச் சென்று 1871-இல் இராய்ச்சூரில் பம்பாய்ப் பாதையோடு கைகோத்தது.

வியப்புக்குரிய வேலைதான். மறுப்பவர் யார்? ஆனால் வேலைக்குப் பணம் வந்த வழியைப் பாருங்கள். சென்னை இரயில்வே கம்பெனி இலண்டனில் பங்கு விற்று முதல் திரட்டிற்று. அந்த முதலுக்கு ஆண்டுக்கு நூற்றுக்கு ஐந்து வீதம் வருவாய் உறுதி என்று அரசு வாக்களித்தது. வண்டி வருவாய் குறைந்தால், குறையை இந்திய வரிப்பணம் நிரப்ப வேண்டும். நிலமும் இலவசம்! எவ்வளவு செலவு செய்தாலும் ஐந்து வட்டி தவறாது என்றால் சிக்கனம் எதற்கு? இலண்டன் சீமானுக்கு நட்டமே இல்லாத வாணிபம்; நட்டம் வந்தால் தாங்குவதற்குக் கோவணம் கட்டிய உழவன்! இதற்குப் பெயர் கொடையா?

நோக்கமாவது நம் நலமா? 1853-இல் டல்ஹௌசி பிரபு எழுதிய குறிப்பு அதைத் தெளிவாக்குகிறது. படைகளை விரைந்து அனுப்பலாம்; பருத்தியைத் துறைமுகம் சேர்க்கலாம்; இங்கிலாந்தின் சரக்கை உள்நாட்டில் பரப்பலாம். போகும் வண்டியில் பஞ்சு, வரும் வண்டியில் மான்செஸ்டர் துணி! பள்ளிப்பட்டும், பொதட்டூர்ப்பேட்டையும், அத்திமாஞ்சேரிப்பேட்டையும் தறி ஓசையில் கண் விழிக்கும் ஊர்கள். இத்தகைய நெசவூர்களுக்கு அந்த வண்டியின் ஊதல் எப்படிக் கேட்டிருக்கும் என்பதை நெய்பவன் வீட்டுப் பிள்ளைக்கு விளக்க வேண்டியதில்லை.

இரயில் வந்தால் பஞ்சம் பறந்துவிடும் என்றும் கூறினர். 1876 முதல் 1878 வரை பெரும்பஞ்சம் வந்தது. சென்னை மாகாணமும் மைசூரும் தக்காணமும் தீய்ந்தன. மாண்டவர் ஐம்பது இலட்சத்துக்கும் மேல். அந்நாளில் பாதை இல்லாமலா போயிற்று? இருந்தது, தானியமும் ஏறியது, இறங்கியது. ஆனால் வாணிபத்தில் தலையிடுவதில்லை என்பது அரசின் கொள்கை. விலை எங்கே மிகுதியோ அங்கே தானியம் ஓடிற்று. பசி எங்கே மிகுதியோ அங்கே ஓடவில்லை. கடல் கடந்த ஏற்றுமதியும் நிற்கவில்லை. தண்டவாளத்துக்குக் கருணை கிடையாது. அதை ஆள்பவனுக்கு இருந்தால்தான் உண்டு.

வெள்ளையனை மட்டும் குற்றவாளிக் கூண்டில் ஏற்றிவிட்டு நாம் நல்லவர்களாகிவிட முடியுமா? நம் வீட்டுக் கணக்கையும் பார்ப்போம்.

"இரயில் வந்தது, சாதி போயிற்று" என்று சிலர் எளிதாகச் சொல்லி விடுவர். ஒரே பெட்டியில் அனைவரும் நெருங்கி உட்கார நேர்ந்தது உண்மை. தீட்டைத் தொலைவு கொண்டு அளந்தவர்களை மூன்றாம் வகுப்புப் பலகை திணறடித்தது உண்மை. ஆனால் வண்டி நின்றதும் நடந்தது என்ன? நிலையத்து உணவு விடுதியில் பலகைகள் தொங்கின: ஒருபுறம் "பிராமணாள்", மறுபுறம் "இதராள்"! ஒரே கட்டணம், ஒரே வண்டி, ஒரே பசி. இலைக்கு முன் உட்காரும்போது மட்டும் மனிதன் இரண்டாகப் பிளந்தான். வங்கக் கடலையும் அரபிக் கடலையும் இணைத்த பொறியியலால், பத்தடிக் கூடத்தில் இரு மனிதரை இணைக்க முடியவில்லை.

அந்தப் பலகைகள் தாமாக விழவில்லை. நீராவியும் நிலக்கரியும் அவற்றைப் பெயர்க்கவில்லை. தந்தை பெரியாரும் சுயமரியாதைத் தோழர்களும் இடைவிடாது கண்டித்துப் போராடினர். 1941-இல் இரயில் நிலைய உணவு விடுதிகளில் அந்த வேற்றுமை ஒழிந்தது. முதல் வண்டி ஓடியதற்கும் அதற்கும் இடையே எண்பத்தைந்து ஆண்டுகள்! இருப்புப்பாதையைப் போட ஒன்பது ஆண்டுகள் போதுமாக இருந்தன. இழிவைப் பெயர்க்க அதைப் போல் ஒன்பது மடங்குக்கு மேல் ஆயிற்று.

அயலான் தன் நலத்துக்குப் போட்ட பாதையை நம் மக்கள் தம் நலத்துக்கு வளைத்துக்கொண்ட வரலாறு இதுதான். கடலைக் கடலோடு இணைத்த அதே பாதையில் உள்ள ஈரோட்டிலிருந்து 1925-இல் 'குடி அரசு' புறப்பட்டது. அதே பாதையில் உள்ள சேலத்தில்தான் 1944-இல் நீதிக்கட்சி திராவிடர் கழகமாகப் பெயர் பெற்றது. 1928-இல் தென்னிந்திய இரயில்வே தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்து சிறை கண்டனர்; அவர்களுக்குத் துணை நின்ற சிங்காரவேலரும் சிறை புகுந்தார். 1953 சூலை 15 அன்று, டால்மியாபுரம் என்ற பெயரை நீக்கிக் கள்ளக்குடி என்று ஊரின் பெயரையே நிலையத்துக்கு இடுக என்று கேட்டு, கலைஞர் கருணாநிதி தண்டவாளத்தில் தலை வைத்துப் படுத்தார். பாதை எமது, பலகையில் எம் பெயர் எங்கே என்ற கேள்வி அது. நாட்டை ஆக்குவது இரும்பன்று. இப்படிக் கேள்வி கேட்கும் மனிதர்.

எங்கள் பள்ளிப்பட்டு, எல்லைப் போராட்டத்தின் பயனாக 1960 ஏப்ரல் 1 அன்று ஆந்திரத்திலிருந்து சென்னை மாநிலத்தோடு இணைந்த பகுதியைச் சேர்ந்தது. முதல் பாதை பக்கத்திலேயே ஓடி நூற்றறுபது ஆண்டுகள் கடந்தும், எங்கள் ஊருக்கு நிலையம் இல்லை. திண்டிவனத்திலிருந்து நகரி வரை, இவ்வழியே போவதற்கென ஒப்புதல் பெற்ற பாதை, ஆண்டுகள் பல ஆகியும் எங்களை வந்தடையவில்லை. வர வேண்டும், கேட்டுப் பெறுவோம். நெய்த துணியும் படிக்கும் பிள்ளையும் அதில் ஏறிப் போக வேண்டும்.

ஆனால் வண்டி வரும் நாளில் ஊர் எப்படி இருக்கும்? சேரியிலிருந்து நிலையத்துக்கு வருபவன் தலை நிமிர்ந்து வரும் தெரு இருக்குமா? தனிக் குவளை, தனிச் சுடுகாடு என்னும் பலகை இல்லாத பலகைகளை நாம் பெயர்த்திருப்போமா? இரயிலுக்கு அரசைக் கேட்கலாம். இதற்கு நம்மைத்தான் கேட்க வேண்டும்.

மறுநாள் அந்த மாணவனிடம் மீண்டும் கேட்டேன். சற்று எண்ணிப் பார்த்து, "பணம் நம்முடையது, உழைப்பும் நம்முடையது. அப்படியானால் இரயில் நம்முடையதுதானே ஐயா?" என்றான்.

ஆம் தம்பி, நம்முடையது. "நாம்" என்ற அந்தச் சொல்லில் எல்லோரும் அடங்கும் நாளில்!